வீட்டில் பிள்ளைகள், கூடவே ஒரு நாய்: வாசகர் கேள்வி–பதில்

நாய் வளர்க்கும் வீடுகளிலிருந்து வந்த கேள்விகளில், பிள்ளைகளின் உடல்நலத்தோடு தொடர்புள்ளவற்றை இந்த இதழுக்கு எடுத்துக்கொண்டிருக்கிறோம். கால்நடை மருத்துவமும் குழந்தை நலமும் அறிந்தவர்கள் சேர்ந்து பதில் எழுதியிருக்கிறார்கள்.

கேள்வி: எங்களுக்கு 10 வயதில் மகள், 6 வயதில் மகன். காலை 7.45க்குப் பள்ளி வேன் வந்துவிடும். 8 மாத லாப்ரடார் ஒன்று வளர்க்கிறோம். டிபன் டப்பா கட்டுவதா, நாயை வெளியே கூட்டிப்போவதா என்று தினமும் காலையில் ஒரே களேபரம். பகலில் செருப்பு, புத்தகப்பை எல்லாவற்றையும் கடித்துக் குதறிவிடுகிறது. நானும் கணவரும் வேலைக்குப் போகிறோம். ஒரு நாளின் வேலைகளை எப்படி ஒழுங்குபடுத்துவது?
– வாசகி, கோவை

பதில்: பிள்ளைகளுக்கு ஓர் அட்டவணை, நாய்க்கு வேறோர் அட்டவணை என்று வைத்தால் இரண்டுமே நடக்காது. ஒன்றாக்கிவிடுங்கள். நாய்க்கு முக்கியம் மணி அல்ல, வரிசை: எழுந்ததும் வெளியே, பிறகு நடை, சற்று ஓய்வு, சாப்பாடு, மறுபடி ஒருமுறை வெளியே, அதன்பின் தூக்கம். இந்த வரிசை மாறாமல் இருந்தால் அரை மணி நேரம் முன்பின் ஆனாலும் பொறுத்துக்கொள்ளும்.

காலை 5.45க்கு உங்களில் ஒருவர் எழுந்ததும் முதல் வேலையாக நாயை வெளியே கொண்டுபோங்கள். அப்படியே 25 முதல் 30 நிமிடம் நடை. நடை என்றால் இழுத்துக்கொண்டு ஓடுவது அல்ல. மோப்பம் பிடிக்க நின்றால் நிற்கவிடுங்கள். பத்து நிமிட மோப்பம் இந்த வயது நாயை நன்றாகவே களைக்க வைக்கும். எலும்பு இன்னும் வளர்ந்துகொண்டிருப்பதால் மாடிப்படியில் ஏறி இறங்கி ஓடவிடுவது, உயரத்திலிருந்து குதிக்கவிடுவது, வண்டியோடு ஓடவிடுவது மூன்றும் கூடாது. மகள் கூட வரட்டும். ஆனால் சங்கிலி பெரியவர் கையில்தான் இருக்க வேண்டும். இந்த வயதில் லாப்ரடார் 25 கிலோவைத் தொட்டிருக்கும். தெருநாய் ஒன்று குரைத்தபடி வந்தால் அந்த இழுப்பை 10 வயதுக் குழந்தையால் தாங்க முடியாது. சங்கிலியைக் கையில் சுற்றிக்கொள்ளும் பழக்கம் பிள்ளைகளுக்கு வரவே கூடாது. விரல் முறிவு இப்படித்தான் நேர்கிறது.

6.30க்குள் வீடு திரும்பி, நாலு பாதங்களையும் வெறும் தண்ணீரில் கழுவி, விரல் இடுக்கு உலரும்வரை துடையுங்கள். இடுக்கில் ஈரம் தங்கினால் பூஞ்சைத் தொற்று வரும், நாய் ஓயாமல் பாதத்தை நக்கும். 7 மணிக்குப் பிள்ளைகள் காலை உணவுக்கு உட்காரும்போது நாய்க்கும் அதன் கிண்ணத்தை வையுங்கள், ஆனால் வேறு இடத்தில். மேசைக்கடியில் காத்திருந்து வாங்கித் தின்னும் பழக்கம் தானாக நின்றுவிடும். நடைக்கும் சாப்பாட்டுக்கும் நடுவே அரை மணி நேரமாவது இடைவெளி வேண்டும். சாப்பிட்டபின் ஒரு மணி நேரத்துக்கு ஓட்டம், குதிப்பு கூடாது. நெஞ்சு ஆழமான பெரிய நாய்களுக்கு வயிறு உப்பி முறுக்கிக்கொள்ளும் ஆபத்து உண்டு. அது சில மணி நேரத்தில் உயிரைப் பறித்துவிடும். 7.20க்கு வாசலுக்கு ஒரு சுற்று. பெரும்பாலான நாய்கள் சாப்பிட்ட அரை மணிக்குள் மலம் கழிக்கும்.

குதறுவதன் காரணம் இரண்டு. காலையில் போதுமான வேலை கிடைக்கவில்லை. பகலில் ஆளில்லாத நேரம் அதிகம். 8 மாத நாயை 4 அல்லது 5 மணி நேரத்துக்கு மேல் தனியே விடக் கூடாது. பக்கத்து வீட்டாரோ, வேலைக்கு வரும் அக்காவோ மதியம் ஒருமுறை 15 நிமிடம் வெளியே கூட்டிப்போக ஏற்பாடு செய்யுங்கள். நீங்கள் கிளம்பும்போது உள்ளே தீனி வைத்து அடைத்த ரப்பர் பொம்மை ஒன்றைக் கொடுங்கள். செருப்பும் பையும் கதவுள்ள அலமாரிக்குள் போகட்டும். புத்தகப்பையில் சாக்லேட்டோ, சர்க்கரையில்லாத சூயிங்கமோ இருக்கலாம். அந்தச் சூயிங்கத்தில் உள்ள சைலிட்டால் என்ற இனிப்பூட்டி நாயின் ரத்தச் சர்க்கரையை அரை மணி நேரத்திலேயே ஆபத்தான அளவுக்கு இறக்கிவிடும்.

மாலை 4 மணி மிகவும் கவனிக்க வேண்டிய நேரம். பிள்ளைகள் கத்திக்கொண்டு ஓடிவருவார்கள், நாய் பாய்ந்து ஏறும், ஆறு வயதுப் பையன் கீழே விழுவான். வேன் வரும்முன் நாயைப் பாயில் கட்டிவிடுங்கள். பிள்ளைகள் உள்ளே வந்து, கைகால் கழுவி, சிற்றுண்டி முடித்தபின், நாலு காலும் தரையில் இருக்கும்போது மட்டும் கொஞ்சட்டும். நாய் பாய்ந்தால் சத்தம் போடாமல் முதுகைத் திருப்பிக்கொள்ளச் சொல்லுங்கள். இரண்டு மூன்று வாரம் எல்லாரும் ஒரே மாதிரி நடந்துகொண்டால் இந்தப் பாய்ச்சல் குறையும்; தாத்தா மட்டும் பாயும்போது தட்டிக்கொடுத்தால் குறையாது. அதன்பின் 5 நிமிடப் பயிற்சி: உட்கார், இரு, வா. பந்து விளையாட்டு. 5 முதல் 17 வயதுப் பிள்ளைகளுக்கு நாளுக்குச் சராசரியாக 60 நிமிட உடலுழைப்பு வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை. அதில் பாதி இங்கேயே முடிந்துவிடும்.

மாலை நடை 6 மணிக்கு. மார்ச் முதல் ஜூன் வரை 6.30க்கு மேல். புறங்கையைத் தார்ச்சாலையில் 7 விநாடி வைக்க முடியாவிட்டால் நாயின் பாதமும் தாங்காது. 7.30க்கு இரவுச் சாப்பாடு. 8 மணிக்கு வீட்டுப்பாடம். அப்போது நாய் தன் பாயில், கடிப்பதற்கு ஏதாவது ஒன்றோடு. காலை 6 மணிக்கு எழ வேண்டிய பிள்ளைகள் 9 மணிக்குத் தூங்கியாக வேண்டும்: 6 முதல் 12 வயதுக்கு 9 முதல் 12 மணி நேரத் தூக்கம் தேவை. நாயைப் பிள்ளைகள் படுக்கையறையில் விடாமல் ஹாலில் படுக்கவைப்பது எல்லாருக்கும் நல்லது. 10 மணிக்குப் பெரியவர் ஒருவர் கடைசியாக வெளியே கூட்டிப்போக வேண்டும்.

வேலைப் பங்கீடு: மகளுக்குச் சாப்பாட்டை அளந்து வைப்பதும், ஒருநாள் விட்டு ஒருநாள் முடி சீவுவதும். மகனுக்குத் தண்ணீர்க் கிண்ணம். பிரிட்ஜ் கதவில் ஒரு தாள் ஒட்டி, சாப்பாடு வைத்தவர் உடனே குறி போட வேண்டும். அம்மா ஒருமுறை, மகள் ஒருமுறை என இருமுறை வைப்பதுதான் லாப்ரடார்கள் குண்டாகும் வழி. ஆனால் பொறுப்பு உங்களுடையது. பிள்ளை மறந்தால் நாய் பட்டினி கிடக்கக் கூடாது. “நீதானே நாய் கேட்டாய்” என்று பிள்ளையைத் திட்டுவதும் நியாயமில்லை.

கேள்வி: நாய் இருக்கும் வீட்டில் குழந்தைக்குப் பூச்சி வரும் என்கிறார் மாமியார். 3 வயது மகன் எப்போதும் விரல் சூப்புகிறான். நாய்க்கு 2 மாதம். உண்மையிலேயே பயப்பட வேண்டுமா?
– வாசகி, மதுரை

பதில்: உங்கள் மாமியார் சொல்வதில் உண்மை இருக்கிறது. பெரும்பாலான நாய்க்குட்டிகளுக்குத் தாயின் வயிற்றிலேயே உருண்டைப்புழு தொற்றிவிடுகிறது. புழுவின் முட்டை மலத்தோடு வெளியேறி மண்ணில் கிடக்கும். அந்த மண் பட்ட விரலைக் குழந்தை சூப்பினால் முட்டை வயிற்றுக்குள் போய், குஞ்சுப்புழு ஈரல், நுரையீரல், அரிதாகக் கண்வரை போய்விடுகிறது. நாயிடமிருந்து வரும் கொக்கிப்புழு வேறு வகை. அது ஈர மண்ணில் வெறுங்காலோடு நடக்கும்போது தோல் வழியே நுழைந்து, அரிப்போடு நெளிந்து நெளிந்து போகும் சிவப்புக் கோட்டை உண்டாக்கும்.

இதில் நமக்குச் சாதகமான செய்தி ஒன்று உண்டு. உருண்டைப்புழு முட்டை வெளியே வந்ததும் தொற்றாது. மண்ணில் 2 முதல் 4 வாரம் கிடந்து முதிர்ந்தபிறகே தொற்றும் நிலைக்கு வரும். ஆகவே மலத்தை அன்றன்றே அள்ளிவிடுவதுதான் எந்த மருந்தைவிடவும் பெரிய காப்பு. அள்ளாமல் மண்ணைத் தள்ளி மூடினால் முட்டை மாதக்கணக்கில், சில சமயம் ஆண்டுக்கணக்கில் உயிரோடு இருக்கும். பினாயில் ஊற்றினாலும் சாகாது. குழந்தை விளையாட மணல் குவித்து வைத்திருந்தால் தார்ப்பாய் போட்டு மூடிவையுங்கள்.

குட்டிக்கு 2 வார வயதிலிருந்து இரண்டு வாரத்துக்கு ஒருமுறை என 3 மாதம்வரை, பிறகு 6 மாதம்வரை மாதம் ஒருமுறை, அதன்பின் ஆயுள் முழுக்க 3 மாதத்துக்கு ஒருமுறை குடற்புழு நீக்க மருந்து. ஒவ்வொரு முறையும் எடை பார்த்தே கொடுக்க வேண்டும். போன மாத எடைக்கு இந்த மாதம் மருந்து கொடுப்பதால்தான் பல வீடுகளில் புழு போவதில்லை.

மகனுக்கு ஆறு மாதத்துக்கு ஒருமுறை அல்பெண்டசோல். தேசிய குடற்புழு நீக்க நாளையொட்டி அங்கன்வாடியிலும் பள்ளியிலும் இலவசமாகத் தருகிறார்கள். 1 முதல் 2 வயதுவரை அரை மாத்திரை, 2 வயதுக்கு மேல் 400 மில்லிகிராம் முழு மாத்திரை. சின்னக் குழந்தைக்கு மாத்திரையைப் பொடித்துத் தண்ணீரில் கரைத்தே கொடுக்க வேண்டும், இல்லாவிட்டால் தொண்டையில் சிக்கும். நாய் மருந்தைக் குழந்தைக்கோ, குழந்தை மருந்தை நாய்க்கோ பிய்த்துக் கொடுக்காதீர்கள்.

விரல் சூப்பும் பழக்கம் ஒரே நாளில் போகாது. நகத்தை வாரம் ஒருமுறை ஒட்ட வெட்டுங்கள். நாயைத் தொட்டபின், வெளியே விளையாடியபின், சாப்பிடும்முன் சோப்புப் போட்டு 20 விநாடி கை கழுவவையுங்கள். நாய் முகத்தை நக்க விடாதீர்கள்.

கேள்வி: என் பையன் தட்டில் இருப்பதில் பாதி நாய்க்குப் போகிறது. என்னென்ன கொடுக்கக் கூடாது?
– வாசகர், தஞ்சாவூர்

பதில்: வெங்காயம், பூண்டு, திராட்சை, உலர் திராட்சை, சாக்லேட், வேகவைத்த எலும்பு. நம் சமையலில் இவை ஒளிந்திருக்கும் இடம்தான் சிக்கல்: சாம்பார், குருமா, பிரியாணி மசாலா, பாயசம், கேசரி. வெங்காயம் ரத்தச் சிவப்பணுக்களை உடைக்கும். உடல் எடையில் கிலோவுக்கு 15 முதல் 30 கிராம் போனாலே ரத்தத்தில் மாற்றம் தெரியும். வதக்கினாலும் வேகவைத்தாலும் நச்சு போகாது. திராட்சை எந்த அளவில் சிறுநீரகத்தைக் கெடுக்கும் என்று கணிக்கவே முடியாது. ஒரு நாய்க்கு ஒன்றும் ஆகாது, இன்னொன்றுக்கு நாலைந்து பழமே போதும். வெந்த கோழி எலும்பு ஊசிபோல் பிளந்து குடலைக் கிழிக்கும்.

அளவுக்கு வருவோம். குடும்பக் கட்டுப்பாடு செய்த, 10 கிலோ எடையுள்ள வளர்ந்த நாய்க்கு நாளுக்கு ஏறக்குறைய 600 கலோரி போதும். தின்பண்டம் அதில் பத்தில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது, அதாவது 60 கலோரி. சின்ன குளுக்கோஸ் பிஸ்கட் ஒன்றில் 20 கலோரிக்கு மேல் உண்டு. ஆக மூன்று பிஸ்கட்டோடு கணக்கு முடிந்தது. நாய்க்குக் கொடுக்கும் ஆசை பையனுக்கு இருந்தால் கேரட் துண்டு, வெள்ளரி, உப்பில்லாமல் வேகவைத்த பீன்ஸ் என்று ஒரு சின்ன டப்பாவில் காலையிலேயே போட்டுவையுங்கள். டப்பா காலியானால் அன்றைக்கு அவ்வளவுதான்.

சோறும் கோழியும் மட்டுமே கொடுத்து வளர்க்கும் வீடுகளில் கால்சியம் பற்றாக்குறை வரும். குட்டிகளுக்குக் கால் வளையும். வீட்டுச் சாப்பாடுதான் என்று முடிவு செய்தால், கால்சியமும் தாதுக்கலவையும் எவ்வளவு சேர்ப்பது என்று மருத்துவரிடம் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். மிச்சத்தை இரவு முழுக்கக் கிண்ணத்தில் விடாதீர்கள். எலி வரும், எலியின் சிறுநீரால் வரும் எலிக்காய்ச்சல் நாயையும் தாக்கும், பிள்ளைகளையும் தாக்கும்.

கேள்வி: நாய் சாப்பிடும்போது 3 வயதுப் பேத்தி பக்கத்தில் போனால் உறுமுகிறது. கிண்ணத்தில் கைவிட்டுப் பழக்கினால் சரியாகும் என்று ஒருவர் சொன்னார். அதட்டி வைக்கலாமா?
– வாசகர், நாகர்கோவில்

பதில்: இரண்டுமே வேண்டாம். கிண்ணத்தில் கைவிடுவது, “மனிதர் வந்தால் சோறு போய்விடும்” என்றுதான் நாய்க்குக் கற்றுக்கொடுக்கும். உறுமலை அடக்குவது அதைவிட மோசம். உறுமல் ஓர் எச்சரிக்கை. அதற்கு அடி விழுந்தால் அடுத்தமுறை எச்சரிக்கை இல்லாமலே கடிக்கும்.

நாயைக் கதவு மூடிய அறையிலோ கேட்டுக்கு அப்பாலோ வைத்துச் சாப்பாடு கொடுங்கள். கிண்ணத்தை எடுத்தபிறகே கதவைத் திறக்க வேண்டும். பேத்திக்கு மூன்று விதி போதும்: சாப்பிடும்போது, தூங்கும்போது, எதையாவது கடித்துக்கொண்டிருக்கும்போது கிட்டே போகாதே. மூன்று வயதுக் குழந்தை விதியை மறந்துவிடும், அதனால் பெரியவர் கண்பார்வை இல்லாமல் இருவரையும் ஒரே அறையில் விடவே கூடாது, ஒரு நிமிடம்கூட.

உறுமலுக்கு முன்னாலேயே நாய் வேறு மொழியில் சொல்லும்: உதட்டை நக்கும், தூக்கமில்லாமலே கொட்டாவி விடும், முகத்தைத் திருப்பிக்கொள்ளும், கண்ணின் வெள்ளை தெரியப் பார்க்கும், உடம்பு விறைத்து அசையாமல் நிற்கும். குழந்தை கழுத்தைக் கட்டிக்கொண்டிருக்கும் புகைப்படங்களில் இந்த அறிகுறிகள் நிறையத் தெரியும். நாய்க்குக் கட்டிப்பிடிப்பது பிடிப்பதில்லை. 3 விநாடி நெஞ்சிலோ தோளிலோ தடவிவிட்டுக் கையை எடுக்கச் சொல்லுங்கள். நாய் நெருங்கி வந்தால் இன்னும் தடவலாம். விலகினால் விட்டுவிட வேண்டும். நாய் திடீரென்று புதிதாக உறுமத் தொடங்கியிருந்தால் காதுவலி, மூட்டுவலி இருக்கிறதா என்று பரிசோதியுங்கள்.

கேள்வி: விளையாடும்போது எங்கள் குட்டியின் பல் மகள் கையில் கீறி லேசாக ரத்தம் வந்தது. வீட்டு நாய்தானே, ஊசி தேவையா?
– வாசகி, விழுப்புரம்

பதில்: தேவை. வெறிநாய்க்கடி நோயான ரேபீஸ் வந்துவிட்டால் மருந்து இல்லை, ஏறக்குறைய எப்போதும் மரணம்தான். ஆனால் உரிய நேரத்தில் ஊசி போட்டால் முழுமையாகத் தடுக்கலாம். குட்டிகளுக்கு முதல் ரேபீஸ் தடுப்பூசியே 3 மாதத்தில்தான் போடுகிறோம். அதற்குமுன் தெருநாய் ஒன்று கடித்திருந்தால் நமக்குத் தெரியவே தெரியாது.

முதலில் குழாய்த் தண்ணீரில், சோப்புப் போட்டு, 15 நிமிடம். கடிகாரம் பார்த்துக் கழுவுங்கள், பெரும்பாலானோர் இரண்டு நிமிடத்தில் நிறுத்திவிடுகிறார்கள். வைரஸ் நரம்பைத் தொடும்முன் அதன் கொழுப்பு உறையை சோப்பு கரைத்துவிடுவதால் இந்த 15 நிமிடமே பாதி வைத்தியம். பிறகு பொவிடோன் அயோடின் என்ற கிருமிநாசினி போடுங்கள். மஞ்சள்தூள், மிளகாய்த்தூள், சுண்ணாம்பு, காப்பித்தூள் எதுவும் வைக்கக் கூடாது. கட்டும் போடக் கூடாது.

அன்றே ஆரம்ப சுகாதார நிலையத்துக்கோ அரசு மருத்துவமனைக்கோ போங்கள். தோலுக்குள் போடும் முறையில் முதல் நாள், 3, 7, 28ஆம் நாட்களில் ஊசி. ரத்தம் வந்த காயம், கடிகளில் கடுமையான மூன்றாம் வகை என்பதால், காயத்தைச் சுற்றிப் போடும் இம்யூனோகுளோபுலின் மருந்தும் தேவை. மருத்துவர் மறந்தாலும் நீங்கள் கேளுங்கள். குட்டியை 10 நாள் கண்காணியுங்கள். 10 நாளும் நலமாக இருந்தால் மீதி ஊசிகளைப் பற்றி மருத்துவர் முடிவு சொல்வார். அந்த 10 நாளுக்காக முதல் ஊசியைத் தள்ளிப்போடக் கூடாது. பிள்ளைகளிடம் ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்லிவையுங்கள்: கடித்தால், கீறினால் யாரும் திட்ட மாட்டோம், உடனே சொல். திட்டுக்குப் பயந்து மறைத்த பிள்ளைகள்தான் காலம் தாழ்ந்து மருத்துவமனைக்கு வருகிறார்கள்.

கேள்வி: அடுக்குமாடி வீடு. நாய்க்கு எத்தனை முறை உண்ணி மருந்து போட்டுக் குளிப்பாட்டினாலும் சுவரில் உண்ணி ஏறுகிறது. குழந்தையின் தொட்டில் பக்கத்திலும் பார்த்தேன்.
– வாசகி, சென்னை

பதில்: நாய்மேல் இருப்பது உங்கள் வீட்டு உண்ணிகளில் சிறு பகுதிதான். இந்தப் பழுப்பு உண்ணி வாழ்நாளில் மூன்றுமுறை ரத்தம் குடிக்கும். முதல் இருமுறையும் குடித்தபின் கீழே இறங்கிச் சுவர் வெடிப்பு, கதவு நிலை, சோபா பின்புறம், கட்டில் இணைப்பு, கூரை மூலை எனப் பதுங்கித் தோல் உரித்துவிட்டுத் திரும்ப ஏறும். ஒரு பெண் உண்ணி சில ஆயிரம் முட்டை இடும். ரத்தமில்லாமல் பல மாதம் உயிரோடிருக்கும். அதனால் நாயைக் குளிப்பாட்டி மட்டும் இதை முடிக்க முடியாது.

நாய்க்கு எடை பார்த்து மருத்துவர் எழுதித் தரும் மாத்திரை: சிலவற்றை மாதத்துக்கு ஒருமுறை, சிலவற்றை 12 வாரத்துக்கு ஒருமுறை கொடுக்க வேண்டும். ஏறும் ஒவ்வோர் உண்ணியும் ரத்தம் குடித்துச் செத்துப்போகும், நாயே பொறியாகிவிடும். உண்ணி கண்ணில் படாவிட்டாலும் குறைந்தது 3, 4 மாதம் விடாமல் தொடருங்கள். ஒரு மாதத்தில் நிறுத்துவதால்தான் திரும்ப வருகிறது. கைக்குழந்தை உள்ள வீட்டுக்கு, கழுத்தில் ஊற்றும் மருந்தைவிட மாத்திரையே நல்லது. ஊற்று மருந்து போட்டால் 24 மணி நேரம் குழந்தை நாயைத் தொடக் கூடாது. கூடவே, வெடிப்புகளை வெள்ளை சிமெண்டால் அடையுங்கள். நாயின் பாய்விரிப்பை வாரம் ஒருமுறை கொதிநீரில் துவையுங்கள். வேக்குவம் கிளீனரால் இடுக்குகளை உறிஞ்சி, குப்பையைப் பையில் கட்டி அன்றே வெளியேற்றுங்கள். தரையில் மருந்து தெளிக்கும் நாளில் குழந்தையோடு வெளியே போய், தரை முழுதும் உலர்ந்தபிறகு வாருங்கள். நாப்தலீன் உருண்டை போடாதீர்கள். குழந்தைக்கும் நாய்க்கும் விஷம்.

ஒட்டியிருக்கும் உண்ணியைச் சாமணத்தால் தோலோடு ஒட்டிப் பிடித்து, திருகாமல் நேராக இழுத்து, ஸ்பிரிட்டில் போடுங்கள். நகத்தால் நசுக்கக் கூடாது. மண்ணெண்ணெய், நெருப்பு, சுண்ணாம்பு வைத்தால் அது வயிற்றில் உள்ளதைக் கடிவாயில் கக்கும். குழந்தையை உண்ணி கடித்து, இரண்டு வாரத்துக்குள் காய்ச்சலும் தடிப்பும் வந்தால் உண்ணி கடித்ததை மருத்துவரிடம் சொல்லுங்கள்; அதைச் சொல்லாவிட்டால் வேறு காய்ச்சலாகவே பார்ப்பார்கள். நாய் சாப்பிடாமல் சுருண்டு படுத்தால், ஈறு வெளுத்தால், மூக்கில் ரத்தம் வந்தால் அன்றே ரத்தப் பரிசோதனை.

கேள்வி: நான் 4 மாத கர்ப்பம். நாயை வேறு வீட்டுக்குக் கொடுத்துவிடச் சொல்கிறார்கள்.
– வாசகி, ஈரோடு

பதில்: கொடுக்க வேண்டாம். கருவைப் பாதிக்கும் டாக்ஸோபிளாஸ்மா கிருமி முட்டையைப் பூனைதான் மலத்தில் வெளியேற்றும், நாய் அல்ல. மலம் அள்ளும் வேலையை மட்டும் கணவர் எடுத்துக்கொள்ளட்டும். குழந்தை பிறந்தபின் மாறப்போகிற ஒழுங்கை இப்போதே மாற்றத் தொடங்குங்கள்: நடை நேரம், படுக்கை இடம், யார் சாப்பாடு வைப்பது. எல்லாம் குழந்தை வந்த அன்றே மாறினால் நாய் தவித்துப்போகும்.

கேள்வி: மகளுக்கு வீசிங் உண்டு. நாயை அடிக்கடி குளிப்பாட்டினால் போதுமா? தரையைத் தினமும் பினாயில் போட்டுத் துடைக்கிறேன்.
– வாசகி, புதுச்சேரி

பதில்: ஒவ்வாமை முடியால் வருவதில்லை; நாயின் எச்சிலிலும் தோல் செதிலிலும் உள்ள புரதத்தால் வருகிறது. குளிப்பாட்டினால் சில நாள் குறைந்து மறுபடி ஏறிவிடும். முதலில் மகளுக்கு நாய் ஒவ்வாமைதானா, தூசிப் பூச்சியா என்று பரிசோதனையில் உறுதி செய்யுங்கள். பல பிள்ளைகளுக்குக் காரணம் மெத்தைத் தூசிதான். நாய் என்று தெரிந்தால் படுக்கையறைக்குள் அது ஒருநாளும் நுழையக் கூடாது, முடி சீவுவதை வெளியே மகள் இல்லாதபோது செய்ய வேண்டும். அப்படியும் இழுப்பு அடிக்கடி வந்தால் நாய்க்கு வேறு நல்ல வீடு பார்ப்பதுதான் சரி.

பினாயில் நெடியே வீசிங்கைத் தூண்டும். நாயும் அந்தத் தரையில் நடந்து பாதத்தை நக்கும். சோப்புத் தண்ணீர் போதும். குளியல் 2, 3 வாரத்துக்கு ஒருமுறை, நாய்க்கான ஷாம்புவில். மனிதர் ஷாம்பு அதன் தோலுக்கு அமிலத்தன்மை கூடியது, தோல் வறண்டு செதில் இன்னும் அதிகமாக உதிரும். ஷாம்புவை முதுகில் நேரே ஊற்றாமல் ஒரு குவளைத் தண்ணீரில் கரைத்துத் தேய்த்து, 5 நிமிடம் விட்டு, நுரை ஒட்டாமல் அலசுங்கள். காதில் தண்ணீர் போகாமல் பஞ்சு வைத்துவிட்டு, முடிந்ததும் பஞ்சை எடுக்க மறக்காதீர்கள்.